கண் மங்கியவருக்கும் காற்பந்து உண்டு: ஸ்மார்ட் ஸ்பீக்கரில் நேரடி ஆட்டம் கேட்பது எப்படி?

வரவேற்பறையில் இருக்கும் ஸ்மார்ட் ஸ்பீக்கரிடம் லிவர்பூல் ஆட்டத்தைப் போடச் சொன்னால், பெரும்பாலும் மூன்றில் ஒன்று நடக்கும். கடந்த ஆட்டத்தில் யார் வென்றார் என்று சொல்லிவிட்டு நின்றுவிடும். அல்லது லிவர்பூல் என்ற பெயரில் ஏதோ ஒரு பாட்டைப் பாடத் தொடங்கும். அதுவும் இல்லையென்றால், நீங்கள் இருக்கும் இடத்தில் இந்த ஒலிபரப்பு கிடைக்காது என்று கைவிரிக்கும். ஸ்பீக்கர் கெட்டுவிட்டது என்று கடைக்குத் தூக்கிச் சென்றவர்களும், வாங்கிய காசு வீண் என்று அலமாரியில் போட்டுவிட்டவர்களும் உண்டு.

உண்மையில் கருவியில் பழுது எதுவும் இல்லை. ஸ்மார்ட் ஸ்பீக்கர் ஒரு வாசல்தான். ஆட்டத்தின் ஒலி வேறு ஒருவருடைய சொத்து. அந்த ஒலி நம் நாட்டுக்கு எந்த வழியாக வருகிறது என்று தெரிந்துகொண்டு, அந்த வழியை முன்கூட்டியே கருவிக்குக் காட்டி வைத்தால், ஒரே சொல்லில் ஆட்டம் வீட்டுக்குள் வரும். கண் நன்றாகத் தெரிபவர்களுக்கு இது ஒரு வசதி, அவ்வளவுதான். கண் மங்கிய பெரியவர்களுக்கோ, இனி கிடைக்காது என்று அவர்கள் விட்டுவிட்ட ஒன்று திரும்பி வருகிறது.

தொலைக்காட்சியின் ஒலி ஏன் போதாது?

"தாத்தாவுக்குக் கண் தெரியாவிட்டால் என்ன, தொலைக்காட்சிப் பக்கத்தில் உட்கார்ந்து கேட்கலாமே" என்று பல வீடுகளில் சொல்வார்கள். கேட்கலாம்; ஆனால் பாதி ஆட்டம்தான் புரியும்.

தொலைக்காட்சி வர்ணனையாளர், பார்ப்பவர் கண்ணில் படம் இருக்கிறது என்று எண்ணித்தான் பேசுகிறார். ஆட்டக்காரரின் பெயரை மட்டும் சொல்வார். கொஞ்ச நேரம் மௌனமாக இருப்பார். பிறகு அந்த ஆட்டக்காரர் போன வருடம் எந்தக் குழுவில் இருந்தார் என்று கதை சொல்வார். பந்து வலப்பக்கம் இருக்கிறதா, இடப்பக்கமா, கோல் கம்பத்துக்கு எவ்வளவு தூரம் என்பதையெல்லாம் அவர் சொல்ல வேண்டிய தேவை இல்லை. திரையின் மூலையில் எண்ணிக்கையும் நேரமும் இருப்பதால், அவற்றையும் அடிக்கடி சொல்வதில்லை.

வானொலி வர்ணனை அப்படிப்பட்டதல்ல. பந்து எங்கே, யார் காலில், எந்தத் திசையில், எதிரில் எத்தனை பேர் என்று வாய் ஓயாமல் சொல்லியாக வேண்டும். எண்ணிக்கையையும் எத்தனையாவது நிமிடம் என்பதையும் சில நிமிடத்துக்கு ஒருமுறை திரும்பச் சொல்வார்கள். நடுவில் வந்து கேட்கும் நேயருக்கும் அது தேவை.

இந்தக் கலை பிறந்ததிலேயே பார்வையற்றவருக்கு ஒரு பங்கு உண்டு. பிபிசி 1927 ஜனவரியில் இங்கிலாந்து-வேல்ஸ் ரக்பி ஆட்டத்தை முதன்முதலில் நேரடியாக ஒலிபரப்பியபோது, டெடி வேக்லம் என்ற வர்ணனையாளருக்கு எதிரில் பார்வையற்ற ஒருவரை உட்கார வைத்தார்கள். அவருக்கு விளங்குமாறு சொல்வதாக நினைத்துப் பேசும்படி வேக்லமிடம் கூறினார்கள். ஒரு வாரம் கழித்து, 1927 ஜனவரி 22ஆம் நாள், இலண்டன் ஹைபரி திடலில் நடந்த ஆர்சனல்-ஷெஃபீல்ட் யுனைடெட் ஆட்டம் வானொலியில் நேரடியாக வந்த முதல் காற்பந்து ஆட்டமானது. ஆட்டம் 1-1 என்று சமநிலையில் முடிந்தது. திடலை 8 கட்டங்களாகப் பிரித்த படம் ஒன்று முன்கூட்டியே பிபிசியின் வார இதழில் அச்சாகியிருந்தது. வேக்லம் ஆட்டத்தைச் சொல்லச் சொல்ல, பக்கத்தில் இருந்த இன்னொருவர் பந்து எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று எண்ணைச் சொல்லிக்கொண்டே இருந்தார்.

இன்றும் அதே தேவை இருக்கிறது. 2022 கத்தார் உலகக் கிண்ணத்தில், பார்வைக் குறைபாடு உள்ள ரசிகர்களுக்காக அரபு மொழியிலும் ஆங்கிலத்திலும் விளக்க வர்ணனை தனியாக வழங்கப்பட்டது. ஆட்டக்காரரின் உடல் அசைவு, பயிற்றுநரின் முகபாவம், ரசிகர் கூட்டத்தின் நிறம் வரை அதில் சொல்லப்படும்.

நம் பெரியவர்களுக்குக் காது வழி ஆட்டம் புதிதல்ல

நம் நாட்டுக்குத் தொலைக்காட்சி வந்தது 1963 டிசம்பர் 28ஆம் நாள். மெர்டேக்கா காற்பந்துப் போட்டி தொடங்கியது 1957இல். இடைப்பட்ட ஆண்டுகளில் திடலுக்குப் போக முடியாதவர்களுக்கு வானொலி ஒன்றுதான் வழி. அதன் பிறகும் தோட்டப்புறங்களில் மின்சாரமும் தொலைக்காட்சியும் எல்லா லயங்களுக்கும் வந்து சேர நெடுங்காலம் ஆனது. வானொலிப் பெட்டி உள்ள வீட்டு வாசலிலும் தேநீர்க் கடையிலும் கூடி நின்று மலேசியக் கிண்ண ஆட்டம் கேட்ட தலைமுறை இன்னும் நம்மோடு இருக்கிறது. மொக்தார் டஹாரி பந்தைக் கொண்டுபோவதையும், 'ஸ்பைடர்மேன்' என்று பெயரெடுத்த கோல்காவலர் ஆர். ஆறுமுகம் பாய்ந்து பிடிப்பதையும் காதால் கேட்டே மனத்தில் படமாக வைத்திருப்பவர்கள் அவர்கள். 1980 ஏப்ரலில் மெர்டேக்கா அரங்கில் தென் கொரியாவை 2-1 என்று வீழ்த்தி, மாஸ்கோ ஒலிம்பிக்கிற்கு மலேசியா தகுதி பெற்ற கதையை இன்றும் நிமிடவாரியாகச் சொல்லக்கூடியவர்கள் உண்டு. அந்த ஒலிம்பிக்கை மலேசியா புறக்கணித்தது வேறு கதை.

இந்தத் தலைமுறையில் பலருக்கு இன்று கண் பிரச்சினை. மலேசிய இந்தியரிடையே நீரிழிவு அதிகம் என்பதை நாட்டின் சுகாதார ஆய்வுகள் தொடர்ந்து காட்டி வருகின்றன. நீரிழிவு விழித்திரையைக் கெடுக்கும். கண்புரை என்றால் அறுவைச் சிகிச்சையால் பார்வையை மீட்கலாம். விழித்திரையும் கண் நரம்பும் கெட்டால் இழந்த பார்வையைத் திரும்பப் பெறுவது கடினம். அப்படிப்பட்டவருக்குத் தொடுதிரை திறன்பேசி ஒரு வழுக்குப் பாறை. எங்கே தொட்டோம், எது திறந்தது என்று தெரியாது. ஒவ்வொரு முறையும் மகனையோ பேத்தியையோ கூப்பிட வேண்டும். நடு இரவில் யாரைக் கூப்பிடுவது? இரண்டு முறை கேட்டுவிட்டு மூன்றாம் முறை வேண்டாம் என்று படுத்துவிடுவார்கள்.

திரையே இல்லாத கருவி என்பதால்தான் ஸ்மார்ட் ஸ்பீக்கர் இவர்களுக்குப் பொருந்துகிறது.

பெட்டிக்குள் என்ன நடக்கிறது?

அமேசான் நிறுவனம் எக்கோ ஸ்பீக்கரை 2014இல் அறிமுகப்படுத்தியது. கூகுள் ஹோம் 2016இலும் ஆப்பிளின் ஹோம்பாட் 2018இலும் வந்தன. மூன்றும் ஏறக்குறைய ஒரே முறையில் இயங்குகின்றன.

ஸ்பீக்கரில் இருக்கும் சிறு ஒலிவாங்கிகள், 'அலெக்சா', 'ஹேய் கூகுள்' போன்ற அழைப்புச் சொல்லுக்காகக் காத்திருக்கும். அந்தச் சொல் காதில் விழுந்ததும், அடுத்து நாம் பேசுவது இணையம் வழியாக நிறுவனத்தின் கணினிகளுக்குப் போகும். அங்கே குரல் எழுத்தாக மாற்றப்பட்டு, நாம் கேட்பது பாட்டா, செய்தியா, வானொலியா என்று முடிவு செய்யப்படும். வானொலி என்றால், டியூன்இன் போன்ற இணைய வானொலிச் சேவையிடம் அந்த நிலையத்தின் முகவரி கேட்கப்படும். முகவரி கிடைத்ததும் ஒலி நேராக ஸ்பீக்கருக்கு வரத் தொடங்கும். இவ்வளவும் இரண்டு மூன்று விநாடியில் முடிந்துவிடும்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. நாம் "லிவர்பூல் ஆட்டம்" என்று கேட்கிறோம். ஸ்பீக்கருக்கு ஆட்டம் என்றால் தெரியாது. நிலையம் தெரியும், பாட்டு தெரியும், எண்ணிக்கை தெரியும். ஆகவே ஆட்டத்தின் பெயரைச் சொல்வதைவிட, அந்த ஆட்டத்தை ஒலிபரப்பும் நிலையத்தின் பெயரைச் சொல்வதுதான் பலன் தரும்.

"உங்கள் இடத்தில் கிடைக்காது" ஏன்?

காற்பந்து ஆட்டத்தின் ஒளிபரப்பு உரிமை நாடு நாடாக விற்கப்படுகிறது. ஒலிபரப்பு உரிமையும் அப்படியே. பிரிட்டனில் பிபிசி ரேடியோ 5 லைவ், டாக்ஸ்போர்ட் ஆகிய நிலையங்கள் பிரிமியர் லீக் ஆட்டங்களை நேரடியாக வர்ணிக்கின்றன. அங்கே சனிக்கிழமை பிற்பகல் 3 மணி ஆட்டங்களைத் தொலைக்காட்சியில் நேரடியாகக் காட்டுவதில்லை என்பது 1960களிலிருந்து இருக்கும் வழக்கம். அதனால் வானொலிக்கு அங்கே இன்னும் மதிப்பு குறையவில்லை.

ஆனால் 5 லைவ் நிலையத்துக்குக் கிடைத்த உரிமை பிரிட்டனுக்குள் மட்டுமே செல்லும். வெளிநாட்டிலிருந்து அதை இணையத்தில் கேட்க முயன்றால், ஆட்ட நேரத்தில் வர்ணனை மறிக்கப்படும். நாம் எந்த நாட்டில் இருக்கிறோம் என்பதை நமது இணையத் தொடர்பின் முகவரி எண் காட்டிக்கொடுத்துவிடுகிறது. ஸ்பீக்கரின் கணக்கில் நாட்டை மாற்றிப் பதிந்தாலும், இணையத் தொடர்பு கோலாலம்பூரிலிருந்தோ சுங்கை சிப்புட்டிலிருந்தோ போகும்போது அந்தத் தடை விலகாது. அதேபோல், வீட்டில் தொலைக்காட்சிக்குச் சந்தா கட்டுகிறோமே என்பதால் அந்த ஆட்டத்தின் ஒலி தானாக ஸ்பீக்கருக்கு வந்துவிடாது. இரண்டும் வேறு வேறு உரிமை.

அப்படியானால் எந்த வழியில் கேட்பது?

நம் நாட்டிலிருந்து முறையாகக் கேட்க நான்கு வழிகள் உள்ளன.

முதலாவது, உள்ளூர் வானொலி. தேசியக் குழுவின் ஆட்டமோ மலேசியக் கிண்ணமோ உள்ளூர் வானொலியில் வரும் நாளில், அந்த நிலையத்தின் இணைய ஒலிபரப்பை ஸ்பீக்கரில் கேட்கலாம். ஆர்டிஎம் நிலையங்கள் ஆர்டிஎம் கிளிக் செயலியிலும் கிடைக்கின்றன. வர்ணனை பெரும்பாலும் மலாய் மொழியில் இருக்கும். நம் பெரியவர்களுக்கு அது பழகிய மொழிதான்.

இரண்டாவது, பிபிசி உலகச் சேவை. இதன் 'ஸ்போர்ட்ஸ்வேர்ல்ட்' நிகழ்ச்சியில் வார இறுதியில் பிரிமியர் லீக் ஆட்ட வர்ணனை இடம்பெறுவதுண்டு. அக்காலத்தில் சிற்றலையிலும், சிங்கப்பூர்ப் பக்கம் 88.9 பண்பலையிலும் கேட்டுப் பழகியவர்களுக்கு இந்தக் குரல்கள் அந்நியமல்ல. எந்த ஆட்டம் என்பதை அவர்களே தேர்ந்தெடுப்பார்கள். நமக்குப் பிடித்த குழுவின் ஆட்டம்தான் வரும் என்று சொல்ல முடியாது. இணையத்தில் சில ஆட்டங்கள் உரிமைக் காரணத்தால் தடைபடவும் கூடும்.

மூன்றாவது, காற்பந்துக் கழகங்களின் சொந்தச் செயலிகள். ஆர்சனல், லிவர்பூல், மான்செஸ்டர் யுனைடெட் போன்ற பெரிய கழகங்கள் தங்கள் ஆட்டத்துக்குத் தாங்களே ஒலி வர்ணனை வழங்கி வந்துள்ளன. சிலவற்றுக்குப் பெயரைப் பதிந்தால் போதும். சிலவற்றுக்குச் சந்தா உண்டு. கழகத்தின் சொந்த வர்ணனையாளர் என்பதால் கொஞ்சம் ஒருபக்கமாகத்தான் பேசுவார். அந்தக் குழுவின் ரசிகருக்கு அதில் குறையில்லை. இந்தச் செயலிகள் பெரும்பாலும் ஸ்பீக்கரோடு நேராக இணைவதில்லை. திறன்பேசியில் செயலியைத் திறந்து, புளூடூத் வழியாக ஒலியை ஸ்பீக்கருக்கு அனுப்ப வேண்டும். ஒருமுறை இரண்டையும் இணைத்துவிட்டால், அடுத்த முறை புளூடூத்தை இணைக்கச் சொல்லி ஸ்பீக்கரிடம் வாயால் சொன்னாலே போதும். செயலியைத் திறந்து வைக்க மட்டும் கண் தெரிந்த ஒருவர் உதவ வேண்டியிருக்கும்.

நான்காவது, வர்ணனை எதுவும் கிடைக்காத நாளில் எண்ணிக்கையைக் கேட்பது. "ஆர்சனல் ஆட்டத்தில் ஸ்கோர் என்ன?" என்று ஆங்கிலத்தில் கேட்டால் அலெக்சாவும் கூகுளும் உடனே சொல்லும். ஆட்டம் கேட்ட நிறைவு இதில் கிடைக்காது. ஆனாலும் யாரையும் எழுப்பாமல் விவரம் தெரிந்துகொள்ளலாம்.

பக்கத்து வீட்டில் கோல், நம் வீட்டில் இன்னும் இல்லை

ஸ்பீக்கரில் ஆட்டம் கேட்பவர்களுக்கு வரும் பெரிய எரிச்சல் இதுதான். மாமாக் கடையில் கூட்டம் கத்திவிடும். நம் ஸ்பீக்கரில் பந்து இன்னும் நடுத்திடலில் உருண்டுகொண்டிருக்கும்.

பண்பலை வானொலியின் அலை ஒளியின் வேகத்தில் வருகிறது. செயற்கைக்கோள் தொலைக்காட்சியின் அலை ஏறத்தாழ 36,000 கிலோமீட்டர் உயரம் ஏறி இறங்க வேண்டும். அதற்குக் கால் விநாடிதான் ஆகும் என்றாலும், படத்தைச் சுருக்கி விரிக்கும் வேலைக்கு மேலும் சில விநாடிகள் போய்விடும். இணைய ஒலிபரப்போ ஒலியைச் சில விநாடித் துண்டுகளாக வெட்டி அனுப்புகிறது. வழியில் இணையம் தடுமாறினாலும் பேச்சு அறுந்துபோகாமல் இருக்க, ஸ்பீக்கர் சில துண்டுகளை முன்கூட்டியே வாங்கி வைத்துக்கொண்டுதான் பேசத் தொடங்கும். இதனால் 20 விநாடி முதல் ஒரு நிமிடம் வரை பின்தங்குவது சாதாரணம்.

இதைச் சரிசெய்ய வழியில்லை. சமாளிக்க வழி உண்டு. ஆட்டம் கேட்கும் நேரத்தில் திறன்பேசியில் வரும் கோல் அறிவிப்புகளை நிறுத்தி வைக்கலாம். ஒரே வீட்டில் ஒருவர் தொலைக்காட்சியிலும் மற்றவர் ஸ்பீக்கரிலும் கேட்டால் குழப்பமே மிஞ்சும். இன்னொன்று, ஆட்டம் உள்ளூர்ப் பண்பலையில் வருகிறது என்றால் சாதாரண வானொலிப் பெட்டியே முந்தும். பழைய பெட்டியைத் தூக்கிப் போட வேண்டியதில்லை.

தமிழில் சொன்னால் கேட்காது

பெரும்பாலான ஸ்மார்ட் ஸ்பீக்கர்களிடம் ஆங்கிலத்தில்தான் பேச வேண்டும். அலெக்சாவுக்குத் தமிழ் தெரியாது. ஆங்கிலம் அதிகம் பேசாத பெரியவர்களுக்கு இதுவே முதல் தடை. "டாக்ஸ்போர்ட்" என்பதை அவர்கள் ஒருவிதமாகச் சொல்ல, கருவி வேறுவிதமாக எடுத்துக்கொள்ளும். இரண்டு முறை தவறாகப் புரிந்துகொண்டால், நமக்கு எதற்கு இந்த வம்பு என்று விட்டுவிடுவார்கள்.

இதற்கு நல்ல வழி 'ருட்டீன்' என்ற வசதி. அலெக்சா, கூகுள் இரண்டின் செயலியிலும் இது இருக்கிறது. பெரியவர் எளிதாகச் சொல்லக்கூடிய ஒரு சிறிய சொற்றொடரைத் தேர்ந்தெடுத்து, அதைச் சொன்னால் இன்ன நிலையத்தைப் போடு, ஒலி அளவை ஏழில் வை என்று முன்கூட்டியே பதிந்து வைக்கலாம். "பால் டைம்" என்பது போன்ற இரண்டு சொல் போதும். எது தெளிவாகப் பிடிபடுகிறது என்பதைப் பெரியவரின் குரலிலேயே நாலைந்து முறை சோதித்துப் பார்க்க வேண்டும். பேரன் சொன்னால் கேட்கும் கருவி, பல் விழுந்த தாத்தா சொன்னால் கேட்காமல் போகலாம்.

வாயே திறக்காமலும் செய்யலாம். சனிக்கிழமை இரவு இத்தனை மணிக்கு இந்த நிலையத்தைப் போடு என்று நேரத்தைப் பதிந்து வைத்தால், ஸ்பீக்கர் தானாகப் பேசத் தொடங்கும். இரண்டு மணி நேரம் கழித்து நிற்கும்படியும் வைக்கலாம். கேட்டுக்கொண்டே தூங்கிவிட்டாலும் கவலையில்லை.

நேரத்தைப் பதியும்போது ஒரு கணக்கு நினைவிருக்கட்டும். பிரிட்டனில் மார்ச் கடைசி ஞாயிறு முதல் அக்டோபர் கடைசி ஞாயிறு வரை கடிகாரம் ஒரு மணி நேரம் முன்தள்ளி வைக்கப்படும். அந்த மாதங்களில் அங்கே பிற்பகல் 3 மணி ஆட்டம் நமக்கு இரவு 10 மணிக்கு வரும். மற்ற மாதங்களில் 11 மணிக்கு. அங்கே மாலை 5.30 ஆட்டம் நமக்கு நள்ளிரவு 12.30 அல்லது 1.30. இரவு 8 மணிக்குத் தொடங்கும் சாம்பியன்ஸ் லீக் ஆட்டம் நமக்கு விடியற்காலை 3 அல்லது 4 மணி. அக்டோபர் இறுதியில் ருட்டீனின் நேரத்தை மாற்ற மறந்தால், ஆட்டம் தொடங்க ஒரு மணி நேரம் முன்பே ஸ்பீக்கர் பேசத் தொடங்கிவிடும். மார்ச்சில் மறந்தால் முதல் பாதி போயே போய்விடும்.

தோட்டப்புறத்தில் என்றால்

ஸ்மார்ட் ஸ்பீக்கருக்கு மின்சாரமும் வைஃபையும் வேண்டும். பட்டணத்துத் தாமான்களில் வீட்டு இணையம் இருப்பதால் சிக்கல் இல்லை. தோட்டங்களிலும் உட்புறக் கம்பங்களிலும் கம்பிவழி இணையம் இல்லாத வீடுகள் உண்டு. அங்கே திறன்பேசியின் ஹாட்ஸ்பாட் வழியாக ஸ்பீக்கரை இணைக்கலாம். அந்தத் திறன்பேசி வீட்டைவிட்டு வெளியே போனால் ஸ்பீக்கர் ஊமையாகிவிடும். அதனால் வீட்டிலேயே இருக்கும் பழைய திறன்பேசி ஒன்றில் தனி சிம் போட்டு வைப்பது நல்லது.

தரவு தீர்ந்துவிடுமோ என்ற பயம் வேண்டாம். ஒலி மட்டும் என்பதால் செலவு குறைவு. விநாடிக்கு 128 கிலோபிட் அளவில் வரும் ஒலிபரப்பை இரண்டு மணி நேரம் கேட்டால் ஏறத்தாழ 115 எம்பிதான் ஆகும். மாதத்துக்கு எட்டு ஆட்டம் கேட்டாலும் ஒரு ஜிபியைத் தாண்டாது. அதே ஆட்டத்தை உயர்தரப் படமாகப் பார்த்தால், மணிக்கே சில ஜிபி போய்விடலாம். அலை பலவீனமான இடத்தில் படம் நின்று நின்று வரும். ஒலி பெரும்பாலும் தாக்குப்பிடிக்கும். ஆக, இணையம் மெதுவாக இருக்கும் தோட்டத்துக்குப் படத்தைவிட ஒலிதான் பொருத்தம்.

வாங்கும் முன்

சில நூறு வெள்ளி கொடுத்து ஸ்பீக்கரை வாங்கிவிட்டு ஆட்டத்தைத் தேடுவதைவிட, ஆட்டத்தை முதலில் தேடிவிட்டு ஸ்பீக்கரை வாங்குவது மேல். கையில் இருக்கும் திறன்பேசியில் டியூன்இன், ஆர்டிஎம் கிளிக், பிடித்த கழகத்தின் செயலி ஆகியவற்றை இறக்கி, ஓர் ஆட்ட நேரத்தில் கேட்டுப் பாருங்கள். திறன்பேசியில் வர்ணனை வந்தால் ஸ்பீக்கரிலும் கேட்க வழி உண்டு. திறன்பேசியிலேயே வராத ஆட்டத்தை எந்த ஸ்பீக்கராலும் கொண்டுவர முடியாது. சாதாரண புளூடூத் ஸ்பீக்கர் வீட்டில் இருந்தால், கழகச் செயலிக்கு அதுவே போதும். குரலால் இயக்க வேண்டும் என்ற தேவை இருக்கும்போதுதான் ஸ்மார்ட் ஸ்பீக்கருக்குச் செலவிடுவதில் பொருள் உண்டு.

ஒலிவாங்கி எப்போதும் விழித்திருக்கும் கருவி இது என்பதையும் மறக்கக்கூடாது. சில நேரம் வேறு சொல்லை அழைப்பென்று நினைத்து விழித்துக்கொள்ளும். அமேசான், கூகுள் ஸ்பீக்கர்களில் ஒலிவாங்கியை அணைக்க ஒரு பொத்தான் இருக்கிறது. பதிவான குரலைச் செயலியில் பார்த்து அழிக்கவும் முடியும். பெரியவருக்குத் தெரியாமல் அவர் அறையில் வைக்காமல், "அப்பா, நீங்கள் பேசுவதை இது கேட்கும், இந்தப் பொத்தானை அழுத்தினால் கேட்காது" என்று சொல்லி, விரலால் தொட்டுப் பழக்கிவிடுவது முறை.

பார்வை இழந்தவர்களுக்குத் திறன்பேசியையும் பயன்படுத்தப் பழக விருப்பம் இருந்தால், 1951இல் தொடங்கப்பட்டு, பிரிக்பீல்ட்சில் இயங்கிவரும் மலேசியப் பார்வையற்றோர் சங்கத்தை அணுகலாம். திரையில் இருப்பதை வாசித்துக் காட்டும் வசதி எல்லாத் திறன்பேசியிலும் இருக்கிறது. அதைப் பழக்க ஆள் வேண்டும், அவ்வளவுதான்.

இதில் இன்னும் தீராத குறை ஒன்று உண்டு. மேலே சொன்ன நான்கு வழிகளில் எதிலும் தமிழ் வர்ணனையை எதிர்பார்க்க முடியாது. ஆங்கிலமும் மலாயும் அறிந்த பெரியவர்கள் சமாளித்துக்கொள்வார்கள். மற்றவர்களுக்குப் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து, இப்போது பந்து யாரிடம், என்ன நடந்தது என்று இடையிடையே சொல்ல வேண்டும். வர்ணனைக்கு நடுவே அப்படிச் சொல்லிக்கொண்டிருப்பது பேரப்பிள்ளைகளுக்கும் கெட்ட பழக்கமல்ல. மற்ற நாட்களில் தாத்தா தாமாகவே கேட்டுக்கொள்ள, ருட்டீனைப் பதிந்து தர ஓர் அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும்.